தீக்குச்சியை அணைத்த திரவம்

உஸ்தா பஸ்யூனி எந்தத் திரவத்தையும் முதலில் தீக்குச்சியால்தான் விசாரிப்பார். அவருடைய படகு எஞ்சின் பட்டறைக்குள் புதிதாக ஒரு டப்பா வந்தால் போதும், அது பெயின்ட்டோ, துரு நீக்குகிற எண்ணெயோ, யாரோ விற்க வந்த கண்ணாடி துடைக்கிற தண்ணீரோ, ஒரு கரண்டி எடுத்துக்கொண்டு வாசலுக்குப் போவார். பழைய பிஸ்டன் தலை ஒன்று அங்கே கிண்ணம் மாதிரி மல்லாந்து கிடக்கும். அதில் ஊற்றி, ஆட்களைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு, குச்சியைக் கிழித்துப் போடுவார். பற்றிக்கொண்டால் டப்பா வந்த வழியே திரும்பிப் போகும். பட்டறையில் டீ போடுவதுகூட மின் அடுப்பில்தான். சிகரெட் பிடிக்கிறவன் ஆற்றங்கரைக்குப் போய்ப் பிடித்துவிட்டு வர வேண்டும். நைல் கடலில் கலக்கிற எஸ்பத்துல் புர்ஜ் ஊரில் இதைச் சொல்லிச் சிரிக்காத படகுக்காரன் கிடையாது. ஆனால் அவர் முகத்துக்கு நேரே ஒருவனும் சிரித்ததில்லை, ஷெஹாத்தா செத்த விதம் எல்லோருக்கும் தெரியும்.

ஷெஹாத்தா அவருக்கு அடுத்த தம்பி. ஏழு வருஷத்துக்கு முன்னால் இதே பட்டறையில், பாதியாக அறுத்த பீப்பாயில் பெட்ரோல் ஊற்றி டீசல் பம்ப்பின் உறுப்புகளைக் கழுவிக்கொண்டிருந்தான். அப்போது கடற்கரை நெடுக எல்லாப் பட்டறைகளிலும் பெட்ரோலில்தான் கழுவினார்கள். பக்கத்தில் சாணைக்கல்லில் யாரோ இரும்பு தேய்க்க, ஒரு பொறி வந்து விழுந்தது. பதினொரு நாள் உயிரோடு கிடந்தான். பஸ்யூனிதான் பக்கத்தில் உட்கார்ந்து கரண்டியால் தண்ணீர் கொடுத்தார். அடக்கம் முடிந்து வந்த அன்றைக்கே அந்தப் பீப்பாயைத் தன் கையால் உருட்டிக்கொண்டுபோய் நைலில் தள்ளினார்.

அதற்குப் பிறகு டீசலில் கழுவினார்கள். டீசலில் குச்சியைப் போட்டால் அணைந்துவிடும், ஆனால் டீசலில் நனைந்த துணி எரியும் என்பதும் அவருக்குத் தெரியும். ஆகவே பயந்து பயந்துதான் அனுமதித்தார். வேலை இரண்டு மடங்கு நேரம் பிடித்தது. எவ்வளவு துடைத்தாலும் உறுப்பின்மேல் ஒரு மெழுக்கு நிற்கும், கையிலும் நிற்கும்.

கையில் நின்ற மெழுக்குதான் கடைசித் தம்பி அவதுக்குப் பெரிய தொல்லை. அவத் ஒரு நேரத் தொழுகையும் விடாதவன். தொழுகைக்கு முன்னால் முகம் கை கால் கழுவி ஒளு செய்யும்போது தோலில் எண்ணெய்ப் படலம் இருந்தால் தண்ணீர் தோலைத் தொடாது, தொடாவிட்டால் ஒளு கூடாது, ஒளு கூடாவிட்டால் தொழுகையும் கூடாது என்று சின்ன வயதில் கேட்டதை அப்படியே பிடித்துக்கொண்டிருந்தான். தொழுகைக்கு அழைக்கிற பாங்கு சொல்வதற்குக் கால் மணி நேரம் முன்பே எழுந்துபோய் நகத்து இடுக்கையெல்லாம் ஊசியால் நோண்டுவான். மழைக்காலத்திலும் செருப்போடு வேலை செய்கிறவர்கள், அதனால் பாதத்திலும் கரி ஏறியிருக்கும். அதையும் தேய்ப்பான். பட்டறையின் மூத்த கையாள் மெத்வல்லிக்கு இது தினப்படி வேடிக்கை. மரத்தூளும் சோப்புத் தூளும் போட்டு நாலு தேய்ப்புத் தேய்த்துவிட்டு சாப்பிட உட்கார்கிற ஆள் அவர். தொழுகைப் பக்கம் வெள்ளிக்கிழமை மட்டும் எட்டிப் பார்ப்பார்.

"இந்தக் கையோட போயி மலக்குமாருக்கு சலாம் சொல்லுவீங்களா?" என்று, தொழுது முடிக்கையில் வானவர்களுக்குச் சொல்கிற சலாமை வைத்து அவத் சீண்டுவான்.

"மலக்குமாருக்கு மெக்கானிக்கத் தெரியும்டா. நீ குளிச்சு முடிக்கறதுக்குள்ள அவங்க எழுந்து போயிருப்பாங்க" என்பார் மெத்வல்லி.

ஆனால் அவதின் விரல்கள் சாதாரண விரல்கள் இல்லை. டீசல் பம்ப்பின் உள்தண்டு மயிரிழை இடைவெளியில் ஓடுகிற சாமான். அது உருளைக்குள் தன் பாரத்தில் தானாக இறங்கும்போதே சரியா தப்பா என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடுவான். அவன் பூட்டிய பம்ப் நடுக்கடலில் நின்றதாக ஒரு படகுத் தலைவனும் சொன்னதில்லை. பட்டறை ஓடியது பஸ்யூனியின் பேரில், படகுகள் வந்தது அவதின் விரலுக்காக.

போன வருஷம் மழைக்கு முன்னால்தான் அந்த நீல டிரம் வந்தது. தம்யாத் கடைத்தெருவில் ரசாயனச் சாமான் விற்கிற அப்துல் முத்தலிப் கொண்டுவந்து இறக்கினார். வழக்கம்போல பஸ்யூனி ஒரு கரண்டி எடுத்துப் பிஸ்டன் தலையில் ஊற்றினார். குச்சி சுர்ரென்று அணைந்தது. துணியை நனைத்துப் பிடித்தார், துணியும் பற்றவில்லை. ஏழு குச்சி கிழித்தார். ஏழாவது குச்சியும் அணைந்தபோது மனிதருக்குக் கண் கலங்கிவிட்டது. இது அன்றைக்கு இருந்திருந்தால் ஷெஹாத்தா இன்று பிள்ளை குட்டியோடு இருந்திருப்பான் என்று சொல்லிக்கொண்டே உள்ளே போய் முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தார்.

டிரம்மின் பக்கத்தில் ஒரு தாள் ஒட்டியிருந்தது. அந்நிய எழுத்து. நெருப்புப் படம் இருக்கிறதா என்று மட்டும் பஸ்யூனி தேடினார், இல்லை. சிவப்புக் கட்டத்துக்குள் கறுப்பாக ஒரு ஆளின் உருவம் இருந்தது, நெஞ்சில் வெள்ளையாக ஒரு நட்சத்திரம் தெறித்திருந்தது.

"பாருங்கண்ணே, நெஞ்சு எப்பிடிப் பளபளன்னு மின்னுது" என்றான் அவத். "இரும்ப மட்டுமில்ல, மனுசன் உள்ளத்தையும் சேத்துக் கழுவும்போல."

எல்லோரும் சிரித்தார்கள். பஸ்யூனியும் சிரித்தார். 

அவத் தன் மனைவி நக்லாவின் பழைய துணி துவைக்கிற மிஷினைப் பிரித்து, அதன் தொட்டியையும் சின்ன மோட்டாரையும் வைத்து ஒரு கழுவும் தொட்டி செய்தான். குழாயிலிருந்து திரவம் கொட்டும், வடிகட்டி வழியே இறங்கி மறுபடி மேலே வரும். கறுத்துப்போன உறுப்பைக் காட்டினால் இரண்டு நிமிஷத்தில் வெள்ளியாக மின்னும். துடைக்கவே வேண்டாம், காற்றில் தானாகக் காய்ந்துவிடும். லேசாக இனிப்பு வாசம் அடிக்கும். கையைக் காட்டினாலும் அப்படித்தான், முழங்கை வரைக்கும் சொட்டு மெழுக்கு இல்லாமல் வெளுத்துவிடும். அவதுக்கு இது சொர்க்கம். மதியம் லுஹருக்கு ஒரு தடவை, பிற்பகல் அஸருக்கு ஒரு தடவை, அந்தியில் மஃரிபுக்கு ஒரு தடவை, குழாயடியில் கையை நீட்டிக் கழுவுவான். பிறகு ஒரு தகரத்தில் பிடித்து இரண்டு பாதத்தையும் அதில் வைத்துத் தேய்ப்பான். அதன்பிறகுதான் தண்ணீரில் ஒளு. இதைப் பார்த்துப் பஸ்யூனிக்குப் பெருமைதான். வருகிற படகுக்காரர்களிடமெல்லாம், என் தம்பி கை டாக்டர் கை மாதிரி இருக்கும் பாருங்கள் என்று காட்டுவார்.

மழைக்காலம் வந்தது. எங்கள் பக்கம் குளிர்காலத்துப் புயல்கள் ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் உண்டு, படகுகள் அந்தந்தப் பெயர் முடிகிற வரை ஆற்றுக்குள் கட்டிக் கிடக்கும். பட்டறைக்கு அதுதான் அறுவடை. கடலுக்குப் போக முடியாத அத்தனை பேரும் எஞ்சினைக் கழற்றிக் கொண்டுவருவார்கள். வடக்குக் காற்று உப்பும் மழையுமாக அடிக்க, பெரிய கதவை இறக்கிவிட்டு, சாளரத்தில் சாக்கு அடைத்துவிட்டு, உள்ளேயே நாள் பூராவும் வேலை. அந்த இனிப்பு வாசம் துணியில் ஏறியது, ரொட்டியில் ஏறியது. சாயங்காலமானால் எல்லோருக்கும் தலை கனத்தது. மெத்வல்லி இரண்டு மூன்று தடவை வெளியே போய் வாந்தி எடுத்துவிட்டு, மதியம் தின்ற பழைய பாலாடைக்கட்டிமேல் பழியைப் போட்டார்.

முதலில் கவனித்தவள் நக்லாதான். மடவை மீனைப் பொரித்து, வெங்காயத்தைக் கருக வதக்கிய சோறோடு வைத்தால் அவத் முள்ளை ஒவ்வொன்றாக எடுத்துச் சின்ன மகளுக்கு ஊட்டுவான். அந்த மாதம் பிள்ளையின் தொண்டையில் இரண்டு தடவை முள் சிக்கியது. பிறகு ஒருநாள் தெருவில் ஒற்றைச் செருப்போடு வந்தான். இன்னொன்று எங்கே என்று கேட்டால் காலைக் குனிந்து பார்க்கிறான். கழன்றது அவனுக்கே தெரியவில்லை. எறும்பு ஊர்கிற மாதிரி இருக்கிறது, குளிர்தான், வெயில் வந்தால் போய்விடும் என்றான். அவள் செருப்புக்குப் பின்னால் உள்பாவாடை நாடாவை வைத்துத் தைத்துக் கொடுத்தாள்.

பட்டறைக்கு விஷயம் வந்தது பம்ப் வழியாக. ரயீஸ் கமர் என்கிற படகுத் தலைவர், இருபது வருஷ வாடிக்கை, ஒரு பம்ப்பைக் கொண்டுவந்து மேஜைமேல் வைத்தார். முகத்துவாரம் தாண்டியதுமே எஞ்சின் நின்றுபோய், அலையில் பக்கவாட்டில் உருண்டு, இன்னொரு படகு இழுத்து வந்ததாம். அவர் கத்தவில்லை. அவதுக்கு வீட்டில் ஏதாவது மனக்கஷ்டமா என்று மெதுவாகப் பஸ்யூனியிடம் விசாரித்தார். அது திட்டியதைவிட மோசமாக இருந்தது.

அவத் பம்ப்பைப் பிரித்தான். உள்தண்டை உருளைக்குள் இறக்கிக் கண்ணை மூடினான். வெகுநேரம் மூடியே இருந்தான்.

"என்னடா சொல்லுது?" என்று கேட்டார் பஸ்யூனி.

"ஒண்ணும் சொல்லலண்ணே" என்றான் அவத். "கையில இருக்கா இல்லையான்னே தெரியல."

மன்சூராவில் நரம்புக்குப் பார்க்கிற ஒரு பெண் டாக்டரிடம் போனார்கள். அவதும் நக்லாவும் பஸ்யூனியும். டாக்டர் அவன் கண்ணைத் துணியால் கட்டிவிட்டுப் பாதத்தில் குண்டூசியால் குத்திக்கொண்டே வந்தார். கணுக்காலுக்கு மேலே வந்த பிறகுதான் அவன் தெரிகிறது என்றான். மணிக்கட்டு வரைக்கும் கையும் அப்படியே. என்ன வேலை, எதைத் தொடுகிறாய் என்று கேட்டார். பஸ்யூனி இதற்காகவே காத்திருந்தவர் மாதிரி பையிலிருந்து ஒரு சின்னக் குப்பியை எடுத்து வைத்தார்.

"இதுதாங்க தொடுறான். ஆனா இது பத்திரமானதுங்க டாக்டர். எரியாது. ஏழு குச்சி கிழிச்சுப் பாத்துத்தான் வாங்கினேன்."

"எரியாதுங்கறதத் தவிர இதப் பத்தி வேற என்ன தெரியும்?"

பஸ்யூனிக்கு வேறொன்றும் தெரியாது. டிரம்மின் தாளைப் போனில் படம் எடுத்து வைத்திருந்ததைக் காட்டினார். டாக்டர் அதைப் பெரிதாக்கிப் பார்த்தார். இந்த ஆளும் நட்சத்திரமும் என்னவென்று நினைத்தீர்கள் என்று கேட்டார். அவத் சிரிக்கப் பார்த்தான்.

"நெஞ்சு சுத்தமாகும்னு நெனச்சோம் டாக்டர்."

"உள்ள போயி உடம்பக் கெடுக்கும்னு அர்த்தம்" என்றார் டாக்டர். "மூச்சு வழியாவும் போகும், தோல் வழியாவும் போகும். இதுல கை கழுவுவீங்களா?"

ஒரு நாளைக்கு மூன்று தடவை, கையும் காலும், என்று நக்லாதான் சொன்னாள். டாக்டர் எழுதிக்கொண்டிருந்ததை நிறுத்திவிட்டார். எதற்கு என்று கேட்டார். தொழுகைக்கு என்றதும் அவன் பாதத்தை இன்னொரு தடவை பார்த்தார். பிறகு நிதானமாக, ஒவ்வொன்றாகச் சொன்னார். இன்றோடு நிறுத்த வேண்டும். நரம்பு மெள்ளத்தான் வளரும், கொஞ்சம் திரும்பலாம், திரும்பாமலும் போகலாம், வாக்குக் கொடுக்க முடியாது. பட்டறையில் கதவு திறந்திருக்க வேண்டும். கழுவ முடிந்ததையெல்லாம் சுடுநீரிலும் சோப்பிலும் கழுவுங்கள். எண்ணெய்தான் வேண்டும் என்றால் எளிதில் பற்றாததாக, மூடி போட்ட பாத்திரத்தில், அதற்கென்று இருக்கிற கையுறையை மாட்டிக்கொண்டு. எதில் இரும்பைக் கழுவுகிறீர்களோ அதில் உடம்பைக் கழுவாதீர்கள். உள்ளே என்ன இருக்கிறது என்று எழுதிய தாளைக் கடைக்காரரிடம் கேளுங்கள், தராவிட்டால் வாங்காதீர்கள்.

திரும்பி வருகிற வண்டியில் நக்லா ஜன்னல் பக்கம் முகத்தை வைத்துக்கொண்டு வந்தாள். அவத் தூங்கிவிட்டான். பாதி வழியில்தான் அவள் வாயைத் திறந்தாள்.

"அண்ணே, நீங்க ஏழு குச்சி கிழிச்சீங்க. ஏழும் இரும்புமேல. மனுசன் தோலப் பத்தி ஒரு வார்த்த கேட்டிருக்கலாம்ல."

"ஷெஹாத்தா மாதிரி இவனும் போயிரக் கூடாதுன்னுதாம்மா..."

"தெரியும்ணே. அதனாலதான் உங்கமேல கோவப்படக்கூட முடியல."

அவள் கோபப்பட்டிருந்தால் பஸ்யூனிக்குக் கொஞ்சம் மூச்சு வந்திருக்கும்.

மறுநாளே டிரம்மை வண்டியில் ஏற்றிக்கொண்டு தம்யாத் போனார். அப்துல் முத்தலிப் டீ வரவழைத்தார். தாளெல்லாம் தன்னிடம் இல்லை, பெரிய டிரம்மிலிருந்து சின்னதுக்கு மாற்றித்தான் தனக்கே வருகிறது என்றார். பஸ்யூனி தம்பியின் நிலைமையைச் சொன்னதும் அவர் முகமும் வாடியது. அல்லாஹ் குணப்படுத்தட்டும் என்றார். ஆனாலும் வியாபாரி வியாபாரிதான்.

"உஸ்தா, நீங்க எங்கிட்ட ஒண்ணே ஒண்ணுதான் கேட்டீங்க, எரியுமான்னு. எரியாதுன்னேன். பொய் சொன்னேனா?"

 பஸ்யூனி டிரம்மை அங்கேயே விட்டுவிட்டு, டீயைத் தொடாமல் எழுந்து வந்துவிட்டார்.

வருகிற வழியில் பள்ளிவாசலில் இறங்கினார். இமாமிடம், மெக்கானிக் கையில் போகாத கரி இருந்தால் ஒளு கூடுமா என்று கேட்டார். தொழிலில் ஒட்டிக்கொண்டது, சிரமப்பட்டாலும் போகாதது மன்னிக்கப்பட்டது, முடிந்தவரை கழுவினால் போதும், அதற்காக யாரும் தோலை உரித்துக்கொள்ள வேண்டாம் என்றார் இமாம். எப்போதிலிருந்து இப்படி என்று கேட்டார் பஸ்யூனி. எப்போதுமே இப்படித்தான் என்று இமாம் சொன்னார். பட்டறையிலிருந்து பள்ளிவாசல் எண்பது காலடி தூரம். இத்தனை வருஷத்தில் அண்ணன் தம்பி ஒருவரும் வந்து கேட்கவில்லை. அவர் அதே இடத்தில் தூணில் சாய்ந்து உட்கார்ந்து அழுதார். அழுது என்ன ஆகப்போகிறது, ஆனாலும் அழுதார்.

பிறகு பட்டறையில் எதில் கழுவுவது என்ற பேச்சு பத்து நாள் ஓடியது. பெட்ரோல் பேச்சை எடுக்க யாருக்கும் துணிவில்லை. மண்ணெண்ணெய் எரியும். சுடுநீர் என்றதும் மெத்வல்லி துள்ளினார். பம்ப்புக்குத் தண்ணீர் விஷம், இந்த உப்புக்காற்றில் விடிவதற்குள் செந்துரு பிடிக்கும் என்றார். பஸ்யூனி ஒரு பழைய உள்தண்டை எடுத்துச் சோதித்தார். இந்தத் தடவை குச்சி கிழிக்கவில்லை. சோப்பும் சோடாவும் கரைத்த சுடுநீரில் கழுவி, நல்ல தண்ணீரில் அலசி, காற்றடித்து உலர்த்தி, உடனே மெல்லிய எண்ணெய் தடவி வைத்தார். காலையில் துரு இல்லை. சோதித்த தண்ணீர் ஆறுகிற வரை காத்திருந்து, அதில் தன் கையை முழங்கை வரை விட்டு, ராத்திரியெல்லாம் தோலைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்று மெத்வல்லி சொல்வார்.

அவத் செய்த அதே தொட்டியைத் தேய்த்துக் கழுவி, அடியில் சூடேற்றும் கம்பிச்சுருள் வைத்தார். எழுபது டிகிரிக்குப் போனால்தான் பழைய டீசல் பிசின் கழன்றது. உறுப்புகளைக் கம்பிக்கூடையில் போட்டு இறக்கி, கொக்கியால் தூக்கினார்கள். கதவு, புயலடித்தாலும் பாதி திறந்தே இருந்தது. எல்லோருக்கும் நடுங்கியது, ஆனால் தலை கனக்கவில்லை. அந்தச் சந்தோஷத்தை அவர் வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு போனார். மாடியில் போர்வைக்குள் கிடந்த தம்பியின் பக்கத்தில் உட்கார்ந்து, அவன் பாதத்தை மடியில் வைத்து, அவனுக்குத் தெரியாத விரல்களைப் பிடித்துவிட்டுக்கொண்டே சொன்னார்.

"இனிமே பயமே இல்லடா. வெறும் தண்ணியும் சோப்பும்தான். நம்ம பட்டறையில இனி யாருக்கும் ஒண்ணும் ஆகாது."

மூன்று மாதம் போனது. கணுக்கால் நிலைமை அப்படியே இருந்தது. விரலில் எறும்பு ஊர்வது நின்றது, டாக்டர் அதை நல்ல அறிகுறி என்று சொல்லவில்லை. பெண்ணுக்குச் சட்டைப் பொத்தான் போடக் கண்ணால் பார்த்துப் பார்த்துப் போட வேண்டியிருந்தது. ஒருநாள் மெத்வல்லி ஆரஞ்சுப்பழம் வாங்கிக்கொண்டு பார்க்க வந்தார். தன் கறுத்த கையை விரித்து, "தொழாதவன் கை இது, ஈ உக்காந்தாக்கூடத் தெரியுது" என்றார். வேடிக்கையாகச் சொல்லத்தான் ஆரம்பித்தார், முடிக்க முடியாமல் எழுந்து போய்விட்டார்.

பங்குனி வெயில் மாதிரி ஒரு வெயில் அடித்த நாள் அது. கடைசிப் புயலும் முடிந்து படகுகள் ஒவ்வொன்றாக இறங்கிக்கொண்டிருந்தன. பஸ்யூனி வாசலில் ரயீஸ் கமரோடு பேசிக்கொண்டிருந்தார். அவத் சுவரைப் பிடித்துக்கொண்டு, நாடா தைத்த செருப்போடு, மெல்ல வந்தான். நாலு மாதத்துக்குப் பிறகு முதல்தடவை. நக்லா தெருமுனை வரைக்கும் கொண்டுவந்து விட்டிருந்தாள். ரயீஸ் அவனைத் தழுவிக்கொண்டார். வீட்டில் கிடந்தால் பைத்தியம் பிடித்துவிடும், சும்மா உட்கார்ந்திருந்துவிட்டுப் போகிறேன் என்றான். உள்ளே போய்த் தன் மேஜையைத் தடவிப் பார்த்தான். பிரித்துக் கிடந்த ஒரு பம்ப்பை எடுத்து உருட்டிக்கொண்டிருந்தான். பஸ்யூனி ரயீஸ் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அஸர் பாங்கு சொன்னது. பேச்சு நின்றது. பட்டறையின் பின்பக்கமிருந்து அவதின் குரல், பழைய குரல், உற்சாகமாகக் கேட்டது.

"அண்ணே, தொட்டிய நல்லாப் பண்ணிட்டீங்க. ஆனா தண்ணி சூடாவே ஆகலயே. கம்பி வேல செய்யுதா?"

பஸ்யூனி திரும்பினார். தொட்டிமேல் சோப்பு நுரை தடிப்பாகப் படர்ந்திருந்தது. வெயில் நாளில் ஆவி தெரியவில்லை. அவத் சட்டைக்கையைச் சுருட்டிவிட்டு, மணிக்கட்டு வரைக்கும் இரண்டு கையையும் நுரைக்குள் விட்டு, ஒளுவுக்கு முன்னால் தேய்க்கிற மாதிரி, அவசரமில்லாமல், விரல் இடுக்கெல்லாம் தேய்த்துக்கொண்டிருந்தான். அடியில், கம்பிச்சுருள் சூடேறுவதைக் காட்டுகிற சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

நடுவில் கிடந்த எஞ்சின் கட்டையைத் தாண்டி எப்படி வந்தார் என்று பஸ்யூனிக்குத் தெரியாது. இரண்டு கையையும் தண்ணீருக்குள் விட்டுத் தம்பியின் மணிக்கட்டைப் பிடித்து வெளியே இழுத்தார். அந்த ஒரு நொடிக்கே அவர் வாயிலிருந்து அலறல் கிளம்பிவிட்டது. மெத்வல்லி ஓடிவந்தார். அவதின் கையிலிருந்து நுரை வழிந்து இறங்க, கீழே தோல் வழன்று சுருண்டிருந்தது. அவன் அதைப் பார்க்கவில்லை. அண்ணனின் சிவந்துபோன உள்ளங்கைகளைத்தான் பதறிப்போய்ப் பார்த்தான்.

"அய்யோ அண்ணே" என்றான், "உங்க கைய சுட்டுருச்சா?"